முகம் இல்லை, குரல் இருக்கிறது

மலைக்காட்டை ஒட்டிய கிராமம், மதிய நேரம். தேன் தேடி மர உச்சிகளையே பார்த்துக்கொண்டிருக்கிறார் நாம்தேவ். எங்கிருந்தோ பெண்கள் கிசுகிசுக்கிறார்கள். கைகூடாமல் போன காதல்களைப் பற்றிய பேச்சு. பேசுகிறவர்களை ஒருமுறைகூட நாம் பார்ப்பதில்லை. தரையிலிருந்து புகை எழுகிறது.

பாயல் கபாடியாவின் 'அண்ட் வாட் இஸ் த சம்மர் சேயிங்' (2018) குறும்படம் இது. 2024-இல் 'ஆல் வி இமேஜின் அஸ் லைட்' படத்துக்காக கான் விழாவில் கிராண்ட் பிரி வாங்கினாரே, அவர்தான். படித்தது நம் பக்கத்தில்: மதனப்பள்ளி அருகே, ஜே. கிருஷ்ணமூர்த்தி நிறுவிய ரிஷிவேலி பள்ளியில். 2022-இல் மாவட்டத்தைப் பிரிக்கும்வரை அது சித்தூர் மாவட்டம்.

நம் சினிமாவில் இறந்தவர் திரும்பி வர இரண்டு வழி: மாலை போட்ட படம், இல்லையென்றால் ஃபிளாஷ்பேக். ஃபிளாஷ்பேக்கில் போனவர் முழுசாக வந்து, சிரித்து, பாடிவிட்டுப் போகிறார். பார்ப்பவருக்குப் பாதி வலி அங்கேயே ஆறிவிடும். பாயல் அந்த ஆறுதலைத் தருவதில்லை. குரல் ஒரு பக்கம், காட்சி ஒரு பக்கம். காதில் விழுந்தவரைக் கண் தேடிக்கொண்டே இருக்கிறது.

'த லாஸ்ட் மேங்கோ பிஃபோர் த மான்சூன்' (2015) படத்தில், இரவில் நடமாடும் விலங்குகளைப் பதிவுசெய்யக் காட்டில் இருவர் கேமரா பொருத்துகிறார்கள். எப்போதோ காட்டைவிட்டு வந்த ஒரு பெண் இறந்த கணவனுக்காக ஏங்குகிறாள். விலங்கு கேமராவில் சிக்கும், கணவன் சிக்குவானா? 'ஆஃப்டர்நூன் கிளவுட்ஸ்' (2017) இன்னும் சின்னது, 13 நிமிடம்: கணவனை இழந்த 60 வயதுப் பெண், அவர் வீட்டில் வேலைசெய்யும் நேபாளப் பெண், பால்கனியில் பூத்த ஒரு பூ.

இழப்பு பாயலின் வீட்டுக்கும் புதிதல்ல. அவருடைய தாய், ஓவியர் நளினி மலானி, 1946-இல் கராச்சியில் பிறந்தவர். பிரிவினையில் ஊரை இழந்த குடும்பம். 1969-இல் பம்பாயில் ஓவியர் அக்பர் பதம்சீ நடத்திய பட்டறையில்தான் தன் முதல் சோதனைப் படங்களை எடுத்தார். பதம்சீ அப்போது எடுத்த 'ஈவன்ட்ஸ் இன் எ கிளவுட் சேம்பர்' படத்துக்கு இருந்தது ஒரே பிரதி. அது தொலைந்துபோனது. முதுமையில் அவர் நினைவில் எஞ்சியதை வைத்து 2016-இல் அஷிம் அலுவாலியா அதை மறுபடி படமாக்கிப் பார்த்தார். எனக்கு அந்தப் பிரதி தொலைந்தது பெரிய இழப்பாகவே படுகிறது.

பாயலின் படங்கள் நல்லவேளையாக இருக்கின்றன. இந்த மூன்று குறும்படங்களையும் சேர்த்தால் ஒரு மணி நேரம்கூட ஆகாது. திருப்பதியில், ஸ்ரீ பத்மாவதி மகளிர் பல்கலைக்கழகத்தில் ஒரு மாலை திரையிடலாம். நல்ல ஸ்பீக்கர் வேண்டும்; கைப்பேசியில் இந்த ஒலிகள் பிடிபடாது. தெலுங்கிலும் தமிழிலும் சப்டைட்டில் எழுத அங்கே படிக்கும் மாணவிகளே போதும்.