கத்திரிக்கோலுடன் பம்பாய்க்கு வந்தவர்

படம் பார்த்துவிட்டு வீடு திரும்பும் நாம் நடிகரைப் புகழ்வோம், பாட்டை முணுமுணுப்போம், டைரக்டரைப் பற்றியும் இரண்டொரு வார்த்தை பேசுவோம். எடிட்டரின் பெயரை யாரேனும் சொல்லிக் கேட்டதுண்டா? திரையில் அப்பெயர் தோன்றும் வேளையில் நம்மில் பலர் இருட்டில் இருக்கையைத் தேடிக்கொண்டிருப்போம். அத்தகைய தொழில் ஒன்றையே கைம்முதலாகக் கொண்டு இந்நகருக்கு வந்து உயர்ந்த ஒருவரின் வரலாறு நம் இல்லங்களில் பேசப்பட வேண்டும். அவர்தாம் ஹிருஷிகேஷ் முகர்ஜி.

1922-ஆம் ஆண்டு கல்கத்தாவில் பிறந்த அவர் இரசாயனம் பயின்று பட்டம் பெற்றார். சில காலம் ஆசிரியராகவும் இருந்தார். பின்னர் நியூ தியேட்டர்ஸ் ஸ்டூடியோவில் சேர்ந்து படத்தொகுப்பைக் கற்றார். 1951-இல் டைரக்டர் பிமல் ராயுடன் பம்பாய்க்குப் புறப்பட்டார். திருநெல்வேலிச் சீமையிலிருந்து தாராவிக்கு வந்த நம் முன்னோரைப் போல, அவர்களும் பிழைப்பை நாடி ஊரை விட்டு வந்தவர்களே.

1953-இல் வெளிவந்த 'தோ பீகா ஜமீன்' படத்தின் திரைக்கதையும் தொகுப்பும் முகர்ஜியினுடையவை. கடனில் மூழ்கவிருக்கும் நிலத்தை மீட்க, ஓர் உழவன் நகரத்தில் ரிக்ஷா இழுக்கும் கதை அது. ஊரில் நிலத்தைப் பறிகொடுத்து வந்த குடும்பத்தார் கண் கலங்காமல் அதைப் பார்க்க இயலாது.

எடிட்டரின் வேலைதான் என்ன? பிலிமில் ஒரு வினாடிக்கு 24 படங்கள். ஒரு நிமிஷத்திற்கு 90 அடி. தேவைக்குப் பன்மடங்காக எடுத்துக் குவித்த சுருள்களில் எங்கே வெட்டுவது, எதனுடன் எதை ஒட்டுவது என்று பார்ப்பவர் அவர். அழும் முகத்தை அரை வினாடி கூடுதலாகக் காட்டினால் மிகையாகிவிடும். குறைத்தால் நெஞ்சில் தைக்காது. வெட்டிய இடம் நம் கண்ணுக்குத் தெரியாமலிருப்பதே அவருடைய வெற்றி.

முகர்ஜி டைரக்ட் செய்த முதற் படம் 'முசாஃபிர்' (1957). அது வசூல் தரவில்லை. அவர் மனந்தளரவில்லை. 1959-இல் 'அனாரி' வெற்றி கண்டது. 1971-இல் வந்த 'ஆனந்த்' படத்தை ராஜ் கபூருக்கும் பம்பாய் மக்களுக்கும் காணிக்கையாக்கினார். வந்தவரை வாழவைத்த ஊருக்கு அவர் செலுத்திய நன்றி அது! நாம் சிரித்து மகிழ்ந்த 'தில்லு முல்லு' (1981), அவருடைய 'கோல் மால்' (1979) படத்தின் தமிழ் வடிவமே.

பெயரும் புகழும் வந்த பின்னரும் அவர் கத்திரியைக் கீழே வைக்கவில்லை. ஜனாதிபதியின் தங்கப் பதக்கம் பெற்ற மலையாளச் 'செம்மீன்' (1965) படத்தின் தொகுப்பில் அவர் கை உண்டு. 1983-இல் வந்த 'கூலி' படத்தையும் அவரே தொகுத்தார். ரயில் நிலையச் சுமைதூக்குவோரின் கதையாதலால், ரயில்வே உத்தியோகத்திலுள்ள நமக்கு அதன்மீது தனிப் பற்றுண்டு. அமிதாப் பச்சன் அடிபட்ட கணத்தில் படம் அசையாமல் நிற்பதைப் பார்த்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள்.

1999-ஆம் ஆண்டுக்கான தாதாசாகேப் பால்கே விருது பெற்ற அப்பெரியார், 2006 ஆகஸ்டில் இந்நகரிலேயே மறைந்தார்.

நிற்க. தாராவியிலும் செம்பூரிலும் நம் பிள்ளைகள் சிலர் சினிமாத் தொழிலில் ஆசை கொள்கின்றனர், பெற்றோர் அஞ்சுகின்றனர். நடிகனாகும் கனவைக் கண்டு அஞ்சுவது நியாயமே. ஆயினும் தொழிலைக் கற்க விரும்பும் பிள்ளையை ஏன் தடுக்கவேண்டும்? இன்று கத்திரியின் இடத்தில் கம்ப்யூட்டர் வந்துவிட்டது. புனே திரைப்படக் கல்லூரியில் பட்டதாரிகளுக்குப் படத்தொகுப்புப் பயிற்சி உண்டு. பிள்ளை முதலில் பட்டம் பெறட்டும். பிறகு தொழிலைக் கற்கட்டும். கையில் தொழில் உள்ளவனை இந்நகரம் கைவிடாது.