சார்லஸ் டில்க்

சர் சார்லஸ் வென்ட்வொர்த் டில்க் (செப்டம்பர் 4, 1843 – ஜனவரி 26, 1911) விக்டோரியா காலத்து இங்கிலாந்து அரசியல்வாதி, எழுத்தாளர். லிபரல் கட்சியின் தீவிர சீர்திருத்த அணியைச் சேர்ந்தவர். கிளாட்ஸ்டன் அமைச்சரவையில் இடம்பெற்றார். வருங்காலப் பிரதமர் எனப் பேசப்பட்டவர், 1885-ல் எழுந்த விவாகரத்து வழக்கு ஒன்றால் பதவியையும் செல்வாக்கையும் இழந்தார். முதல் விசாரணையில் நீதிமன்றம் அவரை விடுவித்தது. தன் பெயரை முழுமையாகத் துடைக்க விரும்பி அவரே மீண்டும் திறக்கச் செய்த வழக்குதான் அவரை வீழ்த்தியது.

பிறப்பு, கல்வி

டில்க் லண்டனின் செல்சீ பகுதியில் ஸ்லோன் தெரு 76-ஆம் எண் வீட்டில் பிறந்தார். தாத்தா 'அத்தீனியம்' இதழின் ஆசிரியர். கவிஞர் கீட்ஸின் நண்பர். தந்தை 1851-ல் லண்டனில் நடந்த பெரும் கண்காட்சியை ஒழுங்கு செய்தவர்களில் ஒருவர். அதற்கும் பிற பணிகளுக்குமாக 1862-ல் அவருக்குப் பாரோனெட் பட்டம் வழங்கப்பட்டது.

பாரோனெட் என்பது தந்தையிடமிருந்து மகனுக்குச் செல்லும் பட்டம். பெயருக்கு முன் 'சர்' சேரும். ஆனால் பாரோனெட் பிரபு அல்ல; பிரபுக்கள் சபையில் அவருக்கு இடம் கிடையாது. எனவே தேர்தலில் நின்று மக்கள் பிரதிநிதிகளின் காமன்ஸ் சபைக்குச் செல்ல முடியும். 1869-ல் தந்தை இறந்தபின் டில்க் இரண்டாம் பாரோனெட் ஆனபோதும் அவரது உறுப்பினர் பதவிக்கு இடையூறு வராததன் காரணம் இதுவே.

கேம்பிரிட்ஜின் டிரினிட்டி ஹால் கல்லூரியில் சட்டம் படித்தார். 1866-67 ஆண்டுகளில் அமெரிக்கா, நியூசிலாந்து, ஆஸ்திரேலியா, இலங்கை, இந்தியா எனப் பயணம் செய்து, ஆங்கிலம் பேசும் நாடுகளைப் பற்றி 'கிரேட்டர் பிரிட்டன்' (1868) என்ற நூலை எழுதினார். நூல் பெரும் வரவேற்பைப் பெற்றது. அதே ஆண்டு, 25 வயதில், செல்சீ தொகுதியின் உறுப்பினரானார்.

முடியாட்சி எதிர்ப்பு

கணவர் ஆல்பர்ட் 1861-ல் இறந்தபின் விக்டோரியா அரசி பொதுவாழ்விலிருந்து ஒதுங்கியிருந்தார். பிரான்சில் 1870-ல் குடியரசு அமைந்தது. வேலை செய்யாத அரண்மனைக்கு ஏன் இவ்வளவு பணம் என்ற கேள்வி இங்கிலாந்திலும் எழுந்தது. 1871 நவம்பரில் நியூகாசில் நகரில் டில்க் இதையே பேசினார். அரச குடும்பத்தின் செலவுகளை எடுத்துக்காட்டி, குடியரசு வந்தால் வரவேற்பேன் என்ற பொருளில் முடித்தார். பட்டம் தாங்கிய ஒருவர் இப்படிப் பேசியது பெரும் கோபத்தைக் கிளப்பியது. போல்டன் நகரக் கூட்டத்தில் கலவரம் மூண்டு ஒருவர் உயிரிழந்தார்.

அந்தச் சமயத்தில் பட்டத்து இளவரசர் டைஃபாய்டு காய்ச்சலில் சாகக்கிடந்து பிழைத்தார். நாட்டின் மனநிலை ஒரேயடியாக அரச குடும்பத்தின் பக்கம் திரும்பியது. 1872 மார்ச்சில் அரண்மனைச் செலவுகளை விசாரிக்கக் கோரி டில்க் கொண்டுவந்த தீர்மானம் கூச்சலுக்கிடையே 2-க்கு எதிராக 276 வாக்குகளில் தோற்றது.

அமைச்சர் பணி

1880-ல் வெளியுறவுத் துறையில் துணை அமைச்சரானார். அரசியின் வெறுப்பால் அமைச்சரவையில் இடம் கிடைக்க 1882 டிசம்பர் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. உள்ளாட்சி வாரியத்தின் தலைவராக அவர் செய்த இரு பணிகள் முக்கியமானவை. உழைக்கும் மக்களின் குடியிருப்பு நிலையை ஆராய்ந்த அரச ஆணையத்துக்கு (1884-85) அவர் தலைமை தாங்கினார். அதில் உறுப்பினராக அமர்ந்தவர்களில் பட்டத்து இளவரசரும் ஒருவர். முடியாட்சியை எதிர்த்தவரின் தலைமையின்கீழ் வருங்கால மன்னர் சேரிகளின் நிலையை விசாரித்தார் என்பது அந்தக் காலத்தின் வேடிக்கைகளில் ஒன்று.

மற்றொன்று 1885-ன் தொகுதி மறுசீரமைப்பு. எதிர்க்கட்சித் தலைவர் சாலிஸ்பரியுடன் பேசி டில்க் உருவாக்கிய ஏற்பாடு இது. அதுவரை இரண்டு உறுப்பினர்களைத் தேர்ந்தெடுக்கும் தொகுதிகளே மிகுதி. இதன்பின் ஒரு தொகுதிக்கு ஓர் உறுப்பினர் என்ற முறை பிரிட்டனில் பொது விதியானது.

கிராஃபோர்டு வழக்கு

டில்க்கின் முதல் மனைவி கேத்தரின் 1874-ல் பிரசவத்தை அடுத்து இறந்தார். 1885-ல் அவர் கலை வரலாற்றாசிரியர் எமிலியா பாட்டிசனை மணக்க இருந்தார். அந்த ஜூலையில் வர்ஜீனியா கிராஃபோர்டு என்ற இளம்பெண், டில்க்குடன் தனக்கு உறவு இருந்ததாகத் தன் கணவர் டொனால்ட் கிராஃபோர்டிடம் கூறினார். வர்ஜீனியா டில்க்கின் தம்பி மனைவியுடைய தங்கை. கணவர் விவாகரத்து வழக்குத் தொடுத்தார். டில்க் முற்றாக மறுத்தார்.

எமிலியா அப்போது நீலகிரியில் சென்னை ஆளுநர் கிராண்ட் டஃப் குடும்பத்தினருடன் தங்கியிருந்தார். செய்தி எட்டியதும், டில்க்குடன் தனக்குத் திருமணம் நிச்சயமாகியிருப்பதை 'தி டைம்ஸ்' நாளிதழில் அறிவிக்கச் செய்தார். நாடு திரும்பி அக்டோபரில் அவரை மணந்தார்.

வழக்கு 1886 பிப்ரவரியில் விசாரணைக்கு வந்தது. மனைவியின் ஒப்புதல் அவருக்கு எதிராகச் சான்றாகும். மூன்றாம் மனிதருக்கு எதிராகச் சான்றாகாது என்பது சட்டம். வேறு சான்று வலுவாக இல்லாததால் நீதிபதி டில்க்கை விடுவித்தார். கணவருக்கு விவாகரத்தும் வழங்கினார். அதாவது, மனைவி டில்க்குடன் தவறு செய்தார், டில்க் அவருடன் தவறு செய்ததற்குச் சான்றில்லை! சட்டப்படி சரியான இந்தத் தீர்ப்பு பொதுமக்களுக்கு நகைப்பாக இருந்தது. டில்க் சாட்சிக் கூண்டில் ஏறவில்லை என்பது சந்தேகத்தை வளர்த்தது. வர்ஜீனியாவின் தாயுடன் அவருக்கு முன்பு இருந்த உறவு குறுக்கு விசாரணையில் வெளிவரும் என்று வழக்கறிஞர்கள் அஞ்சினர். 'பால் மால் கெஜட்' ஆசிரியர் டபிள்யூ. டி. ஸ்டெட், டில்க் தன்னை நிரூபிக்க வேண்டும் என்று தொடர்ந்து எழுதினார்.

விவாகரத்து இறுதியாகும் முன் அதில் மோசடி இருந்தால் தலையிட 'அரசியின் பிராக்டர்' என்ற அதிகாரிக்கு உரிமை இருந்தது. டில்க் அவரைத் தலையிடச் செய்தார். ஜூலையில் மறுவிசாரணை நடந்தது. இங்கேதான் அவரது கணக்கு பிழைத்தது. அவர் வழக்கிலிருந்து ஏற்கெனவே விடுவிக்கப்பட்டவர். ஆகவே வழக்கில் தரப்பினர் அல்ல, வெறும் சாட்சி. அவரது வழக்கறிஞர் வர்ஜீனியாவைக் குறுக்கு விசாரணை செய்ய முடியாது. முன்பு அவருக்கு எதிரான குற்றச்சாட்டை நிரூபிக்க வேண்டியிருந்தது. இப்போது அது பொய் என்று காட்ட வேண்டியிருந்தது. சாட்சிக் கூண்டில் டில்க் தடுமாறினார். தன் நாட்குறிப்பிலிருந்து துண்டுகளைக் கத்தரித்து எடுக்கும் பழக்கம் அவருக்கு இருந்தது தெரியவந்தது. வர்ஜீனியாவோ கேப்டன் ஃபோர்ஸ்டர் என்பவருடன் இருந்த உறவை ஒப்புக்கொண்டபடியே தன் கூற்றில் உறுதியாக நின்றார். ஜூரி அவரையே நம்பியது.

அம்மாதத் தேர்தலில் டில்க் செல்சீ தொகுதியை ஏற்கெனவே இழந்திருந்தார். வர்ஜீனியா பின்னர் கத்தோலிக்க மதத்தைத் தழுவிச் சமூகப் பணியில் ஈடுபட்டார். தன் வாக்குமூலத்தை மாற்றவில்லை. ராய் ஜென்கின்ஸ் 1958-ல் எழுதிய டில்க்கின் வாழ்க்கை வரலாறு அவர்மீது அனுதாபம் கொண்டது. உண்மை எதுவாயினும், வழக்கின் தரப்பினராக இல்லாத ஒருவர் தண்டிக்கப்பட்ட விதம் நியாயமான விசாரணை ஆகாது.

ஃபாரஸ்ட் ஆஃப் டீன்

1892-ல் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர் நிறைந்த ஃபாரஸ்ட் ஆஃப் டீன் தொகுதி அவரைத் தேர்ந்தெடுத்தது. மீண்டும் அமைச்சர் பதவி கிடைக்கவில்லை. ஆனால் அவரது பயனுள்ள பணி இக்காலத்தில்தான் நடந்தது என்று சொல்லலாம். எமிலியா பெண் தொழிலாளர் சங்க இயக்கத்தின் தலைவர்களில் ஒருவர். வீட்டிலும் சிறு பட்டறைகளிலும் அற்பக் கூலிக்கு உழைத்த பெண்களுக்குக் குறைந்தபட்ச ஊதியம் நிர்ணயிக்கும் மசோதாவை டில்க் மீண்டும் மீண்டும் சபையில் கொண்டுவந்தார். ஒவ்வொரு முறையும் அது நிறைவேறாமல் போனது. எமிலியா 1904-ல் இறந்தார். 1909-ல் அமைச்சர் வின்ஸ்டன் சர்ச்சில் கொண்டுவந்த தொழில் வாரியங்கள் சட்டம் அந்தக் கருத்தை ஏற்றது. ஆயத்த ஆடை தைத்தல், அட்டைப்பெட்டி செய்தல், லேஸ் வேலை, சங்கிலி செய்தல் ஆகிய நான்கு தொழில்களில் ஊதிய வாரியங்கள் அமைந்தன.

மறைவு

டில்க் ஜனவரி 26, 1911-ல் தான் பிறந்த அதே ஸ்லோன் தெரு வீட்டில் காலமானார். இறக்கும்வரை ஃபாரஸ்ட் ஆஃப் டீன் உறுப்பினராகவே இருந்தார். தாத்தா வழி வந்த கீட்ஸ் தொடர்பான சேகரிப்பை ஹாம்ப்ஸ்டெட் பகுதி மக்களுக்கு எழுதிவைத்தார். அவரது தொகுதியில் சிண்டர்ஃபோர்டு ஊருக்கு அருகே 1923-ல் டில்க் நினைவு மருத்துவமனை திறக்கப்பட்டது.