கேமரா யார் கையில்?



டாக்குமெண்டரி என்றால் நடந்ததை நடந்தபடி காட்டும் படம் என்கிறோம். பழங்குடி மக்களைப் பற்றிய படங்கள் எல்லாம் அப்படித்தானா? பதில் தேட, உலகப் புகழ் பெற்ற ஒரு படத்தையே எடுத்துக்கொள்கிறேன்.

1922-ல் வெளிவந்த ‘நானூக் ஆஃப் த நார்த்’தான் அது. கனடாவில், ஹட்சன் விரிகுடாக் கரையில் வாழும் இனுயிட் மக்களைப் பற்றியது. எடுத்தவர் ராபர்ட் ஃபிளாஹர்ட்டி என்ற அமெரிக்கர். பணம் போட்டது, மிருகத் தோல் வியாபாரம் செய்த ஒரு பிரெஞ்சுக் கம்பெனி.

படத்தில் நானூக் ஈட்டி எறிந்து வால்ரஸ் வேட்டையாடுகிறார். பார்க்கிறவர்கள், ‘அடடா, வெளியுலகமே தெரியாத ஜனங்கள்!’ என்று உச்சுக்கொட்டுவார்கள். நிஜம் என்ன தெரியுமா? அவர் பெயர் நானூக்கே இல்லை, அல்லகாரியல்லாக். மனைவியாக வருகிறவர் அவர் மனைவியும் இல்லை. அந்தக் காலத்திலேயே அவர்களிடம் துப்பாக்கி இருந்தது. வெள்ளைக்காரர் வருவதற்கு முந்தைய வாழ்க்கையைக் காட்ட ஃபிளாஹர்ட்டி ஆசைப்பட்டதால், துப்பாக்கியை ஒதுக்கி வைத்தார்கள்.

அதற்காக எல்லாமே மோசடி என்று தள்ளிவிட முடியாது. இக்ளூ என்பது உறைபனியை வெட்டி அடுக்கிக் கட்டும் வீடு. உள்ளே இருட்டு. அன்றைய பிலிமுக்கோ நிறைய வெளிச்சம் வேண்டும். அதனால் பெரிதாக ஒரு இக்ளூ கட்டி, பாதிச் சுவரை எடுத்துவிட்டார்கள். குடும்பம் ‘வீட்டுக்குள்’ தூங்கி எழுவது உண்மையில் வெட்டவெளிக் குளிரில்! இது டெக்னிக்கல் பிரச்சினை, நமக்குப் புரியும்.

எனக்குப் பெரிதாகப் படுவது வேறு. பிலிமை அங்கேயே கழுவி, அந்த மக்களுக்கே போட்டும் காட்டினார் ஃபிளாஹர்ட்டி. கழுவத் தண்ணீர் வேண்டுமே? உறைந்த பனியில் துளை போட்டு, நாய் இழுக்கும் சறுக்கு வண்டியில் பீப்பாய் பீப்பாயாகக் கொண்டுவந்தவர்கள் அவர்கள்தான். ஆக, நடிகர்களும் அவர்களே, டெக்னீஷியன்களும் அவர்களே. எதை வைப்பது, எதை வெட்டுவது என்ற முடிவு மட்டும் அவர்கள் கையில் இல்லை.

அது கைக்கு வர ஏறக்குறைய 60 வருஷம் ஆனது. இக்லூலிக் என்ற இனுயிட் ஊர், ‘டி.வி. வேண்டாம்’ என்று 1975-லும் 1979-லும் ஓட்டுப் போட்டது. ஏன்? அதில் அவர்கள் மொழியே இல்லை! அந்த ஊர்ச் சிற்பி ஜகாரியஸ் குனுக், 1981-ல் தன் சிற்பங்களை விற்று ஒரு வீடியோ கேமரா வாங்கினார். 1990-ல் நண்பர்களோடு ‘இசுமா’ என்ற படக் கம்பெனியைத் தொடங்கினார். அவர் இயக்கிய ‘அதனார்ஜுவாட்’, இனுக்டிடூட் மொழியில் எழுதி, எடுத்து, நடித்த முதல் முழுநீளக் கதைப்படம். 2001-ல் கேன் பட விழாவில் ‘கேமரா டோர்’ விருது வாங்கியது.

‘குனுக்கும் பழைய வாழ்க்கையை நடிக்க வைத்துத்தானே எடுத்தார், என்ன வித்தியாசம்?’ என்று கேட்பீர்கள். நல்ல கேள்வி! நடிக்க வைப்பது குற்றம் இல்லை. அதனார்ஜுவாட் கதையை ஊர்ப் பெரியவர்கள் சொல்லக் கேட்டு எழுதினார்கள். உடை, கருவி எல்லாம் ஊர்க்காரர்களே செய்தார்கள். தப்பாக இருந்தால், ‘இப்படி இல்லைப்பா’ என்று தடுத்துச் சொல்ல அங்கே ஆள் இருந்தது. வித்தியாசம் அதுதான்.

இன்று நம் ஒவ்வொருவர் சட்டைப்பையிலும் கேமரா இருக்கிறது. நாளை ஒரு பழங்குடி ஊருக்குப் போனால், பட்டனை அழுத்துமுன் அனுமதி கேளுங்கள். எடுத்ததை அவர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள். ‘இதை எடுத்துடுங்க’ என்றால் எடுத்துவிடுங்கள். முடிந்தால், கேமராவையே அவர்கள் கையில் கொடுத்துப் பாருங்கள். நமக்குத் தெரிந்த தொழில்நுட்பத்தை அவர்களுக்குக் கற்றுக் கொடுப்பதும் நல்ல படம் எடுப்பதற்குச் சமம்தான்!