மாற்று இசையும் மக்கள் பாட்டும்



மேலைநாட்டு இளைஞர் போற்றும் இசைவகைகளுள் ‘ஓல்ற்றநேற்றிவ் றொக்’ என்பது ஒன்று. தமிழில் அதனை மாற்று றொக் இசை எனலாம். எதற்கு மாற்று? பெரிய இசைத்தட்டு நிறுவனங்கள் வகுத்த பாதைக்கு மாற்று. 1980ஆம் ஆண்டுகளில் சிறு நிறுவனங்கள் வெளியிட்ட இப்பாடல்களை, அமெரிக்கப் பல்கலைக்கழக மாணவர் நடத்திய வானொலி நிலையங்களே விரும்பி ஒலிபரப்பின. பெரியோர் புறக்கணித்த பாட்டுக்கு வானொலி வாழ்வளித்தது என்பது, நேயராகிய நாம் மகிழத்தக்க செய்தியன்றோ!

இவ்வகையில் தலைசிறந்த பாட்டு எதுவென வினவினால், நிர்வாணா என்னும் குழுவினர் 1991இல் வெளியிட்ட ‘ஸ்மெல்ஸ் லைக் ரீன் ஸ்பிரிற்’ என்பதையே பலரும் முதலிற் சுட்டுவர். அதன் அமைப்பு மிக எளிது. கித்தாரில் நான்கு சுரக்கூட்டுகள் திரும்பத் திரும்ப வரும். சரணம் முணுமுணுப்பாய் ஒலிக்கும். பல்லவி வந்ததும் முழவும் கித்தாரும் இடியென ஆர்க்கும். அடங்குதலும் ஆர்த்தலும் மாறி மாறி வருதலே அதன் உயிர். அது இடம்பெற்ற இசைத்தொகுப்பு, 1992 ஜனவரியில் மைக்கல் ஜக்சனின் தொகுப்பைப் பின்தள்ளி, அமெரிக்க விற்பனைப் பட்டியலில் முதலிடம் பெற்றது. அதே 1991இல் ஆர்.ஈ.எம். குழுவினர் வெளியிட்ட ‘லூசிங் மை றிலிஜன்’ என்னும் பாட்டோ மண்டலினை முதன்மையாகக் கொண்டு, ஆரவாரமின்றியே உலகெங்கும் பரவியது. ஆகவே, இப்பாடல்களின் சிறப்பு ஒலிப்பெருக்கத்தில் இல்லை என்பது தெளிவு. தம் காலத்து இளைஞரின் மனநிலையை அவர்தம் மொழியிலேயே சொன்னமைதான் அவற்றின் சிறப்பு.

இனி, நம் நாட்டை நோக்குவோம். நமக்கும் ஒரு மாற்று இசை இருந்தது. ஒருபுறம் கருநாடக இசையும், மறுபுறம் தமிழகத்துத் திரைப்பாடலும் செவிகளை ஆண்ட காலத்தில், ஈழத்துத் தமிழ்ப் பொப் இசை பிறந்தது. 1970ஆம் ஆண்டுகளில் அது பெருவழக்காயிற்று. உரும்பிராயைச் சேர்ந்த நித்தி கனகரத்தினம் பாடிய ‘சின்ன மாமியே’, மாமியிடம் மகளைப் பற்றி வினவும் வேடிக்கைப் பாட்டு. அவரே பாடிய ‘கள்ளுக்கடைப் பக்கம் போகாதே’ என்பதோ, ஆடவைக்கும் தாளத்தில் அமைந்த அறிவுரை. பொப் இசைச் சக்கரவர்த்தி எனப்பட்ட ஏ. ஈ. மனோகரன், ‘சுராங்கனி’யைக் கடல் கடந்தும் கொண்டு சென்றார். 1977இல் அது தமிழகத் திரைப்படத்திலும் புகுந்தது. அவர் 2018இல் சென்னையிற் காலமானார்.

இவ்விசையின் துள்ளலுக்குப் பைலாவே தாய். பைலா என்னும் சொல், ஆடுதலைக் குறிக்கும் போர்த்துக்கேயச் சொல்லிலிருந்து வந்தது. போர்த்துக்கேயரும், அவர்களோடு வந்த ஆபிரிக்கரும் விட்டுச் சென்ற தாளம் அது. மட்டக்களப்புப் பறங்கியரின் மணவீடுகளில் வயலினோடும் கித்தாரோடும் அவ்வாட்டப்பாடல் வழங்கி வந்திருக்கின்றது. எனவே, வாவிக்கரையில் வாழும் எமக்கு இது அந்நியமன்று.

இவ்விடத்தில் என் பிழையொன்றையும் சொல்லல் வேண்டும். நான் இளம் ஆசிரியனாயிருந்த காலத்தில், பாடசாலைக் கலைவிழாவில் ‘சின்ன மாமியே’ பாட ஒரு மாணவன் முன்வந்தான். கடற்றொழிற் குடும்பத்துப் பிள்ளை. கித்தாரை அவன் கையாலும் தொட்டதில்லை; மேசையைத் தட்டியே பழகியிருந்தான். ‘இதிலே இலக்கியத் தரம் இல்லை’ எனக் கூறி, நிகழ்ச்சி நிரலில் அவன் பெயரைச் சிவப்பு மையால் வெட்டினேன். ‘சரி சேர்’ என்று மட்டும் சொன்னான். பின்னர் அவன் எந்த மேடையிலும் ஏறவில்லை.

அதே தவணையில் அதே வகுப்புக்குச் சிலப்பதிகாரத்துக் கானல்வரியைக் கற்பித்தேன். நெய்தல் நிலத்து மக்களின் பாட்டு மரபை இளங்கோவடிகள் காப்பியத்துள் ஏற்றிவைத்த பெருமையை வியந்து விளக்கினேன். ஏட்டில் உள்ள கடற்கரைப் பாட்டைப் போற்றிய நான், எதிரே இருந்த கடற்கரைப் பிள்ளையின் வாயை அடைத்தேன் என்பது நெடுநாட் கழித்தே விளங்கியது.

2004இன் கடல்கோளையும், பின்னர் 2006இல் தொடங்கிய இடப்பெயர்வையும் வாகரை கண்டது. வீடுகளோடு ஒலிநாடாக்களும் போயின. நெஞ்சிலே நின்ற பாட்டு மட்டும் போகவில்லை. தறப்பாள் கூடாரத்தில் பிள்ளைகள் போத்தலைத் தட்டிப் பாடியது ‘சுராங்கனி’யைத்தான்.

ஆகவே, தலைசிறந்த பாட்டு எது என்னும் வினாவுக்குப் பட்டியல் மட்டும் விடையாகாது. பாடுவோரின் சொந்தப் பேச்சில் அமைந்ததா? கருவியில்லாதவரும் பாடக் கூடியதா? துன்பக் காலத்தில் துணைநிற்பதா? இம்மூன்றும் உள்ள பாட்டு அமெரிக்காவிற் பிறந்தாலும், உரும்பிராயிற் பிறந்தாலும் சிறந்ததே.

ஆசிரிய நண்பர்களே, பெற்றோர்களே! பிள்ளையொருவன் புதியதொரு பாட்டோடு வந்தால், சிவப்பு மையை எடுக்குமுன் ஒருமுறை முழுவதும் கேளுங்கள்.