ஒரு நிமிடச் செய்திக்குப் பின்னால்...

(மூன்றாம் ஆண்டு, மின்னணுவியல் மற்றும் தொடர்பியல் பிரிவு)



மலருக்குக் கட்டுரை கேட்டு நோட்டீஸ் போர்டில் அறிவிப்பு ஒட்டியதுமே நம் வகுப்பில் பாதிப் பேர் கவிதை என்று முடிவு செய்துவிட்டார்கள். மீதிப் பேர் சூரிய மின்சாரம், ரோபோ என்று பிடித்துக்கொண்டார்கள். நான் எடுத்துக்கொண்டது வேறு. எங்கோ ஒரு நாட்டில், குண்டு விழுகிற ஊரில், கையில் மைக்கோடு நின்று பேசுகிறார்களே, அந்தத் தொலைக்காட்சி வெளிநாட்டுச் செய்தியாளர்களின் பிழைப்பைப் பற்றி. இ.சி.இ. படிக்கிறவனுக்கு இது எதுக்கு என்று கேட்காதீர்கள். நம்ம பாடம் பாதி இதற்குள்ளேதான் கிடக்கிறது.

முதலில் பாக்தாத்துக்குப் போவோம். 1991 ஜனவரி 17, அதிகாலை இரண்டரை மணி வாக்கில். ஈராக் 1990 ஆகஸ்டில் குவைத்தைப் பிடித்துக்கொண்டது. அதை விரட்ட அமெரிக்கக் கூட்டணி நாடுகள் போர் தொடுத்த இரவு அது. அல் ரஷீத் ஓட்டலின் ஒன்பதாவது மாடியில் சி.என்.என். நிறுவனத்தின் மூன்று பேர் இருந்தார்கள். பெர்னார்ட் ஷா, ஜான் ஹாலிமன், பீட்டர் ஆர்னெட். குண்டுவீச்சு தொடங்கிய கொஞ்ச நேரத்திலேயே மற்ற தொலைக்காட்சிக்காரர்களின் தொலைபேசி எல்லாம் செத்துப் போனது. இவர்கள் மூவரின் குரல் மட்டும் உலகம் முழுக்கக் கேட்டுக்கொண்டே இருந்தது. படம் கிடையாது, வெறும் குரல்தான். திரையில் வரைபடமும் இவர்கள் போட்டோவும். ஹாலிமன் ஜன்னலுக்கு வெளியே மைக்கை நீட்டி வெடிச்சத்தத்தையே கேட்க வைத்தார். உலகமே உட்கார்ந்து கேட்டது!

எப்படி அவர்களுக்கு மட்டும்? தைரியம் என்று சொல்லிவிடலாம். தைரியம் மற்றவர்களுக்கும்தான் இருந்தது. வித்தியாசம், "ஃபோர் வயர்" என்ற ஒரு கம்பிச் சமாசாரம்.

நம் டெலிபோன் லேபில் பார்த்திருக்கிறோம். சாதாரண வீட்டுத் தொலைபேசியில் இரண்டு கம்பிதான். போகிற பேச்சும் வருகிற பேச்சும் அதே ஜோடியில் ஓடும். இரண்டையும் பிரிக்க ஹைபிரிட் காயில் வேண்டும். அது சரியாக பேலன்ஸ் ஆகாவிட்டால் எக்கோ அடிக்கும். ஃபோர் வயர் என்றால் போக ஒரு ஜோடி, வர ஒரு ஜோடி, தனித்தனி. சி.என்.என். போருக்கு முன்பே ஈராக் அரசிடம் பேசிப் பேசி அனுமதி வாங்கி, பாக்தாத்திலிருந்து ஜோர்டானின் அம்மான் நகருக்கு இப்படி ஒரு தனி இணைப்பை வைத்துக்கொண்டது. நம்பர் சுற்ற வேண்டாம், ஆபரேட்டர் வேண்டாம், எப்போதும் திறந்தே கிடக்கும். ஊருக்குள் எக்ஸ்சேஞ்ச் குண்டு பட்டு நொறுங்கியபோது, அதைச் சார்ந்திருந்தவர்கள் எல்லாரும் ஊமையானார்கள். எக்ஸ்சேஞ்சை நம்பாதவர்கள் பேசினார்கள். சரித்திரப் புகழ் பெற்ற அந்த ஒலிபரப்பு ஒரு லீஸ்டு லைனின் புண்ணியம் என்று சொன்னால் அது மிகையாகாது.

அப்புறம் ஆர்னெட் மட்டும் பாக்தாத்திலேயே தங்கினார். சூட்கேஸ் அளவு இருந்த செயற்கைக்கோள் தொலைபேசியில் பேசினார். பக்கத்திலேயே ஈராக் அரசின் தணிக்கை. அவர் செய்தி வரும்போது, இது ஈராக் தணிக்கைக்கு உட்பட்டது என்று திரையிலேயே போட்டார்கள். குண்டு விழுந்த ஒரு தொழிற்சாலையைக் குழந்தைப் பால்மாவு தயாரித்த இடம் என்று அவர் சொன்னார். இல்லை, அது கிருமி ஆயுதம் செய்த இடம் என்றது அமெரிக்கா. சொந்த நாட்டிலேயே அவரைத் துரோகி என்கிற அளவுக்குத் திட்டினார்கள். இந்தப் பக்கமும் இடி, அந்தப் பக்கமும் இடி. மத்தளம் மாதிரி! அவர் நின்றது சரி என்பது என் கட்சி. தணிக்கை உண்டு என்பதைச் சொல்லிவிட்டுப் பேசுகிறவனை, அந்த ஊரிலேயே இல்லாமல் பேசுகிறவனை விட அதிகம் நம்பலாம்.

இப்போது எங்க அம்மா கேட்ட ஒரு கேள்விக்கு வருகிறேன். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் தாண்டியவன் நான் ஒருத்தன்தான். அப்பா கொத்தனார். அம்மாவுக்குக் கையெழுத்துப் போட மட்டும் வரும். ஒரு நாள் ராத்திரி செய்தி ஓடிக்கொண்டிருக்கும்போது அம்மா கேட்டது: "ஏன்டா தம்பி, இங்க இருக்கிற பொண்ணு கேள்வி கேட்டுட்டு சும்மா நிக்கிது. அங்க அந்தாளு தலையத் தலைய ஆட்டிட்டு முழிக்கிறான். பதில் தெரியாமத்தான பேசாம நிக்கிறான்?"

பதில் தெரியாமல் இல்லை. கேள்வியே இன்னும் அவர் காதுக்குப் போய்ச் சேரவில்லை! செயற்கைக்கோள் பூமத்திய ரேகைக்கு மேலே 35,786 கிலோமீட்டர் உயரத்தில் இருக்கிறது. கேள்வி மேலே ஏறி, கீழே இறங்க, சுமார் 71,600 கிலோமீட்டர். ஒளியின் வேகம் நொடிக்கு 3 லட்சம் கிலோமீட்டர். வகுத்துப் பாருங்கள், கிட்டத்தட்ட 0.24 நொடி. பதில் திரும்பி வர இன்னொரு 0.24. ஆக அரை நொடி ஒளியின் கணக்கிலேயே போய்விட்டது. இதற்கு மேல் படத்தைச் சுருக்கி டிஜிட்டலாக மாற்றும் என்கோடர், விரிக்கும் டிகோடர், இதெல்லாம் தன் பங்குக்கு நேரம் எடுக்கும். எல்லாம் சேர்ந்து ஒரு நொடி, இரண்டு நொடி என்று நீளும். நான் தரையில் சாக்பீஸால் வரைந்து காட்டினேன். அம்மா, "அம்புட்டு தூரமா போயிட்டு வருது, பாவம்" என்றது. இப்போதெல்லாம் செய்தியாளர் முழித்தால் அம்மாவே பக்கத்து வீட்டுக்காரர்களுக்கு விளக்கம் சொல்கிறது.

இதைவிட ருசியான விஷயம் காதில் மாட்டியிருக்கும் அந்தச் சின்ன இயர்பீஸ். ஸ்டுடியோவின் ஒலி அதில் வருகிறது. ஸ்டுடியோ ஒலி என்றால் எல்லாமும் சேர்ந்தது, செய்தியாளர் பேசுவதும் அதில் உண்டு. அதை அப்படியே திருப்பி அனுப்பினால் என்னாகும்? தான் பேசிய வார்த்தை அரை நொடி கழித்துத் தன் காதிலேயே விழும். அந்த நிலையில் யாராலும் தொடர்ந்து பேச முடியாது. நாக்கு குழறும். நம்பாதவர்கள் மைக் செட்காரரிடம் டிலே வைக்கச் சொல்லி, ஹெட்போன் மாட்டிக்கொண்டு பேசிப் பாருங்கள், குடித்தவன் மாதிரி பேசுவீர்கள். ஆகவே ஸ்டுடியோவில், மொத்த ஒலியிலிருந்து அவர் குரலை மட்டும் கழித்துவிட்டு மீதியை அனுப்புகிறார்கள். இதற்கு "மிக்ஸ் மைனஸ்" என்று பெயர். ஒரே சமயத்தில் நாலு ஊரில் நாலு பேர் நின்றால் நாலு விதமான கழித்தல். இதைச் செய்கிற ஆள் திரையில் தெரியவே மாட்டார். ஒரு பட்டனை மாற்றி அழுத்தினால் மட்டும் எல்லார் கண்ணிலும் படுவார்!

நேர வித்தியாசம் இன்னொரு தலைவலி. நியூயார்க்கில் மாலை ஆறரை மணிச் செய்தி என்றால், குளிர்காலத்தில் பாக்தாத்தில் நள்ளிரவு தாண்டி இரண்டரை. லண்டனில் ராத்திரி பத்து மணிச் செய்தி என்றால் பாக்தாத்தில் ஒரு மணி. பகல் முழுக்க அலைந்து படம் பிடித்து, சாயந்திரம் எழுதி, வெட்டி ஒட்டி, ராத்திரி விளக்கு வெளிச்சத்தில் மொட்டை மாடியில் நின்று தூங்காத முகத்தோடு பேச வேண்டும். இவ்வளவு உழைப்புக்கும் திரையில் கிடைப்பது ஒன்றரை, இரண்டு நிமிடம்.

ஓட்டல் பிடிப்பதிலும் கணக்கு உண்டு. மெத்தை பார்ப்பதில்லை, ஜெனரேட்டர் இருக்கிறதா, லைன் கிடைக்குமா என்றுதான் பார்ப்பார்கள். 1980-களில் லெபனான் உள்நாட்டுப் போரின்போது பெய்ரூட் கமோடோர் ஓட்டலில் செய்தியாளர்கள் குவிந்ததற்குக் காரணம் அங்கே டெலக்ஸ் வேலை செய்தது. அந்த ஓட்டலில் ஒரு கிளி இருந்தது. பீரங்கிக் குண்டு விசிலடித்துக்கொண்டு வருகிற சத்தத்தை அப்படியே செய்து காட்டுமாம். புதிதாக வந்தவர்கள் தரையில் குப்புற விழுவார்களாம்! சிரிப்பான கதைதான். ஆனால் அதே பெய்ரூட்டில் 1986 ஏப்ரலில் கடத்தப்பட்ட டபிள்யூ.டி.என். தொலைக்காட்சிச் செய்தி நிறுவனத்தின் ஜான் மெக்கார்த்தி, 1991 ஆகஸ்டில்தான் வெளியே வந்தார். ஐந்து வருஷத்துக்கு மேல். நம் டிப்ளமோவே மூன்று வருஷம்தான்.

முகம் தெரிகிறவர்களைப் பற்றியே எழுதிக்கொண்டிருக்கிறேன். முகம் தெரியாதவர்களுக்கு வருவோம்.

1984 அக்டோபர் 23-ம் தேதி பி.பி.சி.யில் எத்தியோப்பியப் பஞ்சத்தைப் பற்றி ஒரு செய்தி வந்தது. ஏழு நிமிடம் போல ஓடியது. கோரெம் என்ற ஊரில் ஆயிரக்கணக்கான ஜனங்கள் பட்டினியில் செத்துக்கொண்டிருந்த காட்சி. உலகமெங்கும் 400-க்கும் மேற்பட்ட நிலையங்கள் அதை ஒளிபரப்பின. அதைப் பார்த்த பாடகர்கள் சேர்ந்து பாட்டுப் போட்டார்கள், 1985 ஜூலை 13-ல் லண்டனிலும் ஃபிலடெல்ஃபியாவிலும் "லைவ் எய்ட்" கச்சேரி நடத்தி நிதி திரட்டினார்கள். குரல் கொடுத்தவர் மைக்கேல் பர்க். படம் பிடித்தவர் முகம்மது அமீன், நைரோபியில் பிறந்தவர், பஞ்சாபிலிருந்து போன குடும்பம். 1991-ல் அடிஸ் அபாபாவில் ஆயுதக் கிடங்கு வெடித்ததைப் படம் பிடிக்கும்போது அமீனின் இடது கை போனது. கூட இருந்த ஒலிப்பதிவாளர் அங்கேயே இறந்தார். அமீன் செயற்கைக் கை பொருத்திக்கொண்டு மறுபடியும் கேமராவைத் தூக்கினார். 1996 நவம்பரில் கடத்தப்பட்ட எத்தியோப்பிய விமானம் கொமோரோ தீவுக் கடலில் விழுந்தபோது அதில் இருந்து உயிரிழந்தார்.

அதற்கும் முன்னால், வியட்நாம். 1965 ஆகஸ்டில் கேம் நே கிராமத்தில் அமெரிக்க வீரர்கள் குடிசைகளுக்கு லைட்டரால் தீ வைத்ததை சி.பி.எஸ். காட்டியது. ஜனாதிபதி ஜான்சனுக்கே கோபம் வந்தது. செய்தியாளர் மார்லி சேஃபர் பெயரை எல்லாப் புத்தகத்திலும் போடுகிறார்கள். கேமராமேன் ஹா துக் கான், வியட்நாம்காரர். பள்ளத்தில் பதுங்கியிருந்த கிராமத்து ஜனங்களிடம் அவர்கள் மொழியில் பேசி வெளியே வரவழைத்தவர் அவர்தான். மொழி தெரியாத சேஃபரால் அதைச் செய்திருக்க முடியாது.

இப்படி உள்ளூரில் மொழிபெயர்க்க, வழி காட்ட, வண்டி பிடிக்க, யாரை நம்பலாம் என்று சொல்ல ஒருவர் இருப்பார். "ஃபிக்ஸர்" என்பார்கள். 2003 மார்ச் 22-ல் பாஸ்ரா அருகே ஐ.டி.என். குழு இரு தரப்பு துப்பாக்கிச் சூட்டுக்கு நடுவில் மாட்டியது. ராணுவத்தோடு சேர்ந்து போகாமல் தனியாகப் போன குழு. செய்தியாளர் டெர்ரி லாய்ட் இறந்தார். லெபனான்காரரான மொழிபெயர்ப்பாளர் ஹுசேன் உஸ்மானும் இறந்தார். பிரெஞ்சு கேமராமேன் ஃபிரெடெரிக் நெராக் உடல் கிடைக்கவே இல்லை. லாய்டைச் சுட்டது அமெரிக்கப் படை, அது சட்டவிரோதக் கொலை என்று 2006-ல் ஆக்ஸ்ஃபோர்டு விசாரணை சொன்னது. செய்தி என்று தேடினால் முதலில் வருவது லாய்ட் பெயர். மற்ற இரண்டு பேரைக் கீழே தேடித்தான் பிடிக்க வேண்டியிருக்கிறது. எங்க அப்பா கட்டிய கட்டடம் எங்கள் ஊரிலேயே நாலைந்து இருக்கிறது. ஒவ்வொன்றிலும் கல்வெட்டு உண்டு. அப்பா பெயர் ஒன்றிலும் கிடையாது. அதனால்தானோ என்னவோ, எனக்குக் கண் அங்கேயே போகிறது.

கருவிகள் இப்போது ரொம்பச் சிறுத்துவிட்டன. வியட்நாம் காலத்தில் ஃபிலிம் சுருளை விமானத்தில் அனுப்பிக் கழுவ வேண்டும். செய்தி வர ஒரு நாள், இரண்டு நாள். பிறகு பல பெட்டிகளில் பிரித்து எடுத்துப்போகிற டிஷ் வந்தது. 2001 ஆப்கானிஸ்தான் போரில் செயற்கைக்கோள் போனோடு இணைத்த வீடியோபோன். படம் கட்டம் கட்டமாகத் துள்ளும், ஆனாலும் நேரலை. இப்போது முதுகுப் பை ஒன்று போதும். உள்ளே பல சிம் கார்டுகள். படத்தைச் சிறு சிறு பாக்கெட்டாக உடைத்து, எந்த நெட்வொர்க்கில் எவ்வளவு இடம் இருக்கிறதோ அவ்வளவு அதில் தள்ளி, அந்தப் பக்கம் வரிசைப்படுத்தி ஒட்டுகிறது. ஒரு சிம் படுத்தாலும் மற்றது இழுக்கும். நல்ல ஏற்பாடுதான். ஆனால் இதைக் காரணம் காட்டி நிறுவனங்கள் கேமராமேன், என்ஜினீயர் எல்லாரையும் குறைத்து ஒரே ஆளிடம் எல்லா வேலையையும் கட்டிவிடுவதை முன்னேற்றம் என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை. படம் பிடிக்கிறவன் கண் வியூஃபைண்டரில் இருக்கும்போது, பின்னால் என்ன வருகிறது என்று பார்க்க இன்னொரு ஆள் வேண்டாமா?

டவர் இல்லாத இடத்தில் இன்றைக்கும் செயற்கைக்கோள் போன்தான். அதுவும் நினைத்த நாட்டுக்குள் கொண்டுபோக முடியாது. நம் நாட்டில் தொலைத்தொடர்புத் துறை அனுமதி இல்லாமல் துரயா, இரிடியம் போன்களைக் கையில் வைத்திருந்தாலே பிடித்துவிடுவார்கள். போரில் வேறொரு ஆபத்தும் இருக்கிறது. ஆண்டெனா ரேடியோ அலை வீசுகிறது என்றால், அது எங்கிருந்து வீசுகிறது என்பதையும் கருவி வைத்துக் கண்டுபிடிக்கலாம். 2012 பிப்ரவரியில் சிரியாவின் ஹோம்ஸ் நகரில் மேரி கால்வின் இருந்தார். பத்திரிகைக்காரர்தான், ஆனால் முற்றுகைக்குள்ளிருந்து பி.பி.சி., சேனல் 4, சி.என்.என். மூன்றுக்கும் நேரலையில் பேசினார். மறுநாள் 22-ம் தேதி காலை அவர் தங்கியிருந்த கட்டடத்தின் மேல் குண்டுகள் விழுந்தன. அவரும் பிரெஞ்சுப் புகைப்படக்காரர் ரெமி ஓஷ்லிக்கும் இறந்தார்கள். அது சிரிய அரசு குறிவைத்து நடத்திய தாக்குதல் என்று 2019-ல் அமெரிக்க நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது.

இப்போது போர்முனைக்குப் போகிறவர்களுக்குப் பயிற்சியில் இதையும் சொல்லிக் கொடுக்கிறார்கள். ஒரே இடத்தில் இரண்டு தடவை பேசாதே, சீக்கிரம் ஓட முடியாத இடத்தில் போனை ஆன் பண்ணாதே. பேச வேண்டியதை முதலிலேயே எழுதி வைத்துக்கொண்டு சுருக்கமாகப் பேசு. முடிந்ததும் ஆண்டெனாவை மடக்கி, பாட்டரியைக் கழற்றி, அந்த இடத்தை விட்டுக் கிளம்பு.