ஒரு லட்ச ரூபாய் நந்தனார்

1935-ல் வெளிவந்த 'பக்த நந்தனார்' படத்தில் நந்தனாராக நடித்தவர் ஒரு பெண். அவருக்குப் பேசிய சம்பளம் ஒரு லட்ச ரூபாய். சங்கீத மேதை மகாராஜபுரம் விசுவநாத ஐயர் வேதியர் வேடத்தில் எதிரே நின்றார். எழுத்தாளர் கல்கிக்குப் படம் பிடிக்கவில்லை. பனைமரமும் எருமையும் ஆடும்தான் நன்றாக நடித்ததாக எழுதிவிட்டார். ஆனால் தயாரிப்பாளர் அத்தனை பணம் கொடுத்தது நடிப்புக்காக அல்ல, குரலுக்காக.

அந்தக் குரலுக்குச் சொந்தக்காரரான கே.பி. சுந்தராம்பாள் 1908-ல் காவிரிக் கரையில், கொடுமுடியில் பிறந்தவர். வீட்டில் வறுமை. ரயிலில் பாடிக் காசு சேர்த்த சிறுமியின் குரலைக் கேட்டு, ரயில்வே அதிகாரியும் நாடகப் பிரியருமான எஃப்.ஜி. நடேச ஐயர் மேடைக்கு வழிகாட்டினார் என்பார்கள். வேலு நாயர் நாடகக் குழுவில் முதலில் கிடைத்தவை சிறுவர் வேடங்கள். மைக் இல்லாத காலம் அது. கொட்டகையின் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி பாடினால்தான் பிழைப்பு.

இலங்கை மேடைகளில் நாடக நடிகர் எஸ்.ஜி. கிட்டப்பாவுடன் ஜோடி சேர்ந்தார். ஏற்கெனவே மணமானவரான அவரையே மணந்தார். 'வள்ளி திருமணம்' போட்டால் ஊரே திரண்டது. 1933 டிசம்பரில் கிட்டப்பா காலமானபோது சுந்தராம்பாளுக்கு வயது 25. அன்று உடுத்திய வெள்ளைப் புடவையைக் கடைசிவரை மாற்றவில்லை. ஆண் நடிகருக்கு ஜோடியாக நடிப்பதும் இல்லை என்று முடிவெடுத்தார். நந்தனார் வேடத்தை அந்த முடிவோடு சேர்த்துத்தான் பார்க்க வேண்டும்.

கிட்டப்பாவின் மறைவுக்குப் பின் ஒதுங்கியிருந்தவரை மறுபடி வெளியே வரச் சொல்லி வற்புறுத்தியவர்களில் காங்கிரஸ் தலைவர் தீரர் சத்தியமூர்த்தியும் ஒருவர். காங்கிரஸ் மேடைகளில் சுந்தராம்பாள் பாட, தேசபக்திப் பாட்டுக்காக வந்த கூட்டம் பேச்சையும் கேட்டுவிட்டுப் போனது. பின்னாளில் சென்னை மாகாண மேலவை உறுப்பினரானார். திரைக் கலைஞர் ஒருவர் சட்டமன்ற அவைக்குள் போவது அன்று புதுமை.

1953-ல் ஜெமினி வாசன் எடுத்த 'ஔவையார்' அவரை வீடுதோறும் கொண்டுசேர்த்தது. 'பூம்புகார்' படத்தில் கவுந்தியடிகள், 'திருவிளையாடல்' படத்தில் மீண்டும் ஔவை, 1973-ல் 'காரைக்கால் அம்மையார்'. இந்தப் பெண்கள் எவரும் யாருக்கும் ஜோடி அல்ல. அரசனிடமும் ஆண்டவனிடமும் நேருக்கு நேர் பேசுபவர்கள். கதாநாயகிக்கு இளமையே மூலதனம் என்றிருந்த சினிமாவில், 45 வயதுக்குமேல் இப்படியொரு வரிசையை அமைத்துக்கொண்டதுதான் அவருடைய மிகப் பெரிய சாதனை என்பேன்.

1969-ல் சாண்டோ சின்னப்பா தேவர் தயாரித்த 'துணைவன்' படப் பாட்டுக்காக, சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது அவருக்கு வந்தது. அடுத்த ஆண்டு பத்மஸ்ரீ. 1980 செப்டம்பரில் மறைந்தார்.