கோமாளி மீன் பெங்களூருக்கு வந்த வழி

பெங்களூர் கடல் மட்டத்திலிருந்து சுமார் 900 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. மேற்கே மங்களூருக்குப் போனாலும் சரி, கிழக்கே சென்னைக்குப் போனாலும் சரி, கடலைப் பார்க்க 300 கிலோ மீட்டருக்கு மேல் சாலைப் பயணம் செய்ய வேண்டும். ஆனாலும் இந்நகரின் வண்ண மீன் கடைகளில் பவளப்பாறை மீன்கள் விலைக்குக் கிடைக்கின்றன. குழந்தைகள் விரல் நீட்டிக் கேட்பது பெரும்பாலும் கோமாளி மீனைத்தான். ஆரஞ்சு நிற உடல், மூன்று வெள்ளைப் பட்டைகள், பட்டைகளுக்குக் கறுப்பு ஓரம். 2003-ஆம் ஆண்டு வெளிவந்த 'ஃபைண்டிங் நீமோ' என்ற அமெரிக்கக் கார்ட்டூன் படம் இம்மீனை உலகப் பிரசித்தமாக்கி விட்டது.

பெயர்தான் கோமாளியே தவிர, அதன் குடும்பத்தில் கட்டுப்பாடு மிக அதிகம். கடல் சாமந்தி என்னும் பூப்போன்ற உயிரினத்தின் விரல்களுக்கு நடுவே இது குடியிருக்கிறது. அவ்விரல்கள் தீண்டினால் மற்றச் சிறு மீன்கள் விறைத்துப் போகும். கோமாளி மீனை மட்டும் அதன் உடலிலுள்ள வழவழப்பான பூச்சு காப்பாற்றுகிறது. ஒரு சாமந்தியில் ஒரு குடும்பம். பெரியது பெண், அடுத்தது அதன் துணை, மற்றவை வயதுக்கு வராத சிறுசுகள். முதிரும்போது எல்லாம் ஆணாகவே முதிர்கின்றன. பெண் இறந்தால் துணையாக இருந்த ஆணே பெண்ணாக மாறிவிடும். சிறுசுகளில் மூத்தது ஆணின் இடத்துக்கு வரும். படத்தில் மகனைத் தேடி அலையும் தந்தை, உண்மைக் கடலில் தாயாகவே மாறியிருக்க வேண்டும்! வலையில் பெரிய மீன் ஒன்று சிக்கினால் அக்குடும்பம் மீண்டும் முட்டையிட நாளாகும் என்பது இதிலிருந்து விளங்கும்.

இந்த ஆரஞ்சு வகை நமது மன்னார் வளைகுடாவுக்கு உரியதல்ல. அந்தமான் கடலிலும் அதற்குக் கிழக்கேயும் வாழ்வது. இராமேசுவரத்துக்கும் தூத்துக்குடிக்கும் இடையே 21 தீவுகளை ஒட்டிய பவளப்பாறைகளில் உள்ள கோமாளிகள் கருமை கலந்த நிறமும் மஞ்சளும் கொண்டவை. 1986-இல் அத்தீவுப் பகுதி கடல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. பல்லாண்டுகள் சுண்ணாம்புக்காகப் பவளத்தை வெட்டியெடுத்ததில் இரண்டு தீவுகள் நீரில் மூழ்கின. 1998, 2010, 2016 ஆகிய ஆண்டுகளில் கடல்நீர் சூடேறிப் பவளங்கள் வெளுத்தன. பிலிப்பைன்ஸ், இந்தோனேசியா கடல்களிலோ, வண்ண மீன்களை மயக்கிப் பிடிக்க சயனைடு விஷத்தைப் பாறை இடுக்குகளில் பீய்ச்சும் வழக்கம் பரவியது. மீன் மயங்கும், பவளம் மடியும், பிழைத்த மீனும் பிறகு தொட்டியில் சாவதுண்டு.

இதற்கு மாற்று நம் கரையிலேயே உருவானது. மண்டபத்திலுள்ள மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தின் மையத்திலும், பரங்கிப்பேட்டையில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் கடல் உயிரியல் மையத்திலும் கோமாளி மீன்களைத் தொட்டியிலேயே குஞ்சு பொரிக்க வைத்தார்கள். பெண் நூற்றுக்கணக்கில் முட்டையிடும். ஆண் இரவும் பகலும் துடுப்பால் விசிறி அவற்றைக் காக்கும். ஏறக்குறைய ஒரு வாரத்தில், இருட்டிய பிறகு, குஞ்சுகள் வெளிவரும். கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிர்களை வளர்த்து அவற்றுக்குத் தீனி தர வேண்டும். பிள்ளை வளர்ப்பதைப் போன்ற வேலைதான். கடலோரக் குடும்பங்களுக்கு இது பிழைப்பும் ஆகும் என்பது கவனிக்கத்தக்கது.

கப்பன் பூங்கா வாசலில் 1983-இல் தொடங்கப்பட்ட அரசு மீன் காட்சியகத்தைப் பார்த்துவிட்டு, வீட்டிலும் ஒரு தொட்டி வைக்க ஆசைப்பட்டவர்கள் நம்மில் அநேகர். ஆனால் கடல் மீன் சம்பளக்காரரின் பையைக் கடிக்கும். லிட்டருக்குச் சுமார் 35 கிராம் வீதம் கடல் உப்புக் கலவை வேண்டும். சமையல் உப்பு உதவாது. குழாய்த் தண்ணீரிலுள்ள குளோரினை நீக்க வேண்டும். தொட்டி பக்குவப்படச் சில வாரம் காத்திருக்க வேண்டும். மார்கழிக் குளிருக்கு ஹீட்டரும் தேவை. கடல் சாமந்தி வாங்கவே வேண்டாம். அது இல்லாமலும் தொட்டியில் கோமாளி மீன் நன்றாக வாழும். ஒழுங்காகப் பராமரித்தால் பத்து ஆண்டுகளுக்கு மேலும் இருக்கும்.

வாங்குவதற்கு முன் இது பண்ணைக் குஞ்சா, கடலில் பிடித்ததா என்று கடைக்காரரிடம் கேட்பது நல்லது. கண்ணெதிரே கொஞ்சம் தீனி போடச் சொல்லலாம். தொட்டியில் பிறந்த மீன் பொதுவாகத் தயங்காமல் மேலே வந்து தின்னும். கடலிலிருந்து புதிதாக வந்தது மூலையில் ஒதுங்கி நிற்கும்.